கால்களைத் தூக்கிக்கொண்ட ஊர்

விடியற்காலைக் கனவு பலிக்கும் என்பார்கள்.
இந்த ஊரில் நவம்பரில் போன விடியல்
ஜனவரிக் கடைசியில்தான் திரும்பும்.
இடையில் கண்டதெல்லாம் பலிக்குமா என்பது
எங்கள் துறையில் இன்னும் தீராத வழக்கு.

துறையின் பெயர் கூட்டுக்கனவியல்.
மீன்கிடங்கின் மாடியில் ஓர் அறை,
ஆட்கள் இரண்டு, ஒழுகும் கொதிகலன் ஒன்று.
ஸ்காலர்விக்கில் உறங்குகிறவர்கள்
தொட்டிலை விட்டுவிட்டால் அறுநூற்றுப் பதினொரு பேர்.
காலை ஏழுக்குள் படிவம் வந்துவிட வேண்டும்,
காபிக்கு முன்னால்.
காபி குடித்த மனிதர்கள்
கனவைத் திருத்தி எழுதுகிறார்கள்.

பல் விழுவது, பரீட்சைக்கு அம்மணமாய்ப் போவது,
செத்த நாய் வாசலில் வாலாட்டுவது,
இதெல்லாம் அவரவர் சொந்தச் சொத்து.
சலித்து உதறிவிடுவோம்.
சல்லடையில் தங்குவது ஊருடையது.

காற்றழுத்தம் வரைகிறவர்களைப் போல
பேராசிரியர் ஸ்டெய்ன்வோர்
ஒரே பயம் கண்ட வீடுகளைக் கோடிட்டு இணைப்பார்.
அந்தக் குளிர்காலம் கோடுகள் எல்லாம்
ஒரே புள்ளியில் போய்ச் சுருண்டுகொண்டன.

நீளக் கூடம். நீள மேசைகள்.
யாரோ வர வேண்டும்.
சூப் ஆறிக்கொண்டிருக்கிறது.
படகுக்கார சோல்வி வடக்குச் சன்னலோரம்;
பதினோரு வருடமாக அவரோடு பேசாத தம்பி
எதிரே அமர்ந்து உப்பை நகர்த்தித் தருகிறார்.
இருவர் படிவத்திலும் அதே உப்பு, மூடி உடைந்தது.
இருவரிடமும் நான் சொல்லவில்லை.
சொல்லக் கூடாது என்பது விதி.

அவரவர் அமர்ந்த இடத்தைக்
குண்டூசி குத்திக் குறித்தேன்.
ஒருவர் மடியில் ஒருவர் இல்லை,
நடுவில் காலி நாற்காலியும் இல்லை.
எல்லாப் படிவத்திலும் ஒரே கடைசி வரி:
‘தரை ஈரம். கால்களைத் தூக்கிக்கொண்டேன்.’

கடல் ஏறி வரும் பயம் என்றார் பேராசிரியர்.
நாற்பது பக்கம் எழுதினார்.
எனக்கு மட்டும் கணக்கு உதைத்தது.
ஊசிகள் அறுநூற்றுப் பத்து.

தாமதப் பெட்டியில் கிடந்தது மிச்சம்.
தினமும் மாலை நாலு மணிக்கு வந்து
விதிப்படி ஒதுக்கப்பட்ட முப்பத்தோரு தாள்கள்,
லிதுவேனிய மொழியில்.
இரவெல்லாம் மீன் ஆலையைக் கழுவிவிட்டு
ஊர் எழுந்தபின் படுக்கிற விலியாவுடையவை.
அகராதியை இரவல் வாங்கிச் சொல் சொல்லாகப் பிரித்தேன்:

‘பெரிய கூடம். எல்லோரும் வாசலையே பார்க்கிறார்கள்.
நான் தரை துடைக்கிறேன்.
மேசை மேசையாகக் கால்கள் உயர்கின்றன,
நான் கேட்காமலே.
மரியாதையான ஜனங்கள்.
வாளி நிறையுமுன் முழித்துவிடுகிறேன்.’

பேராசிரியர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.
‘ஏழு மணிக்குப் பின் வந்தது’ என்றார்.
கொதிகலன் கொஞ்ச நேரம் பேசிக்கொண்டிருந்தது.
நான் என் படிவத்தைத் தேடி எடுத்தேன்,
எண் இருநூற்றுப் பன்னிரண்டு.
என் கையெழுத்தேதான்:
தூக்கிக்கொண்டேன்.

ஜனவரிக் கடைசியில் மலைமுகட்டின் மேல்
நாலு நிமிடம் சூரியன் வந்தது.
ஊரே சமூகக் கூடத்தில் கூடி
ஜாம் சுருட்டிய பான்கேக் தின்றது.
யாரோ பால் குவளையைத் தட்டிவிட
வாளியோடு வந்தாள் அவள்.
ஐயாயிரம் வருடம் பழகியதுபோல்
வரிசையாகக் கால்கள் எழுந்தன,
பேச்சு அறுபடாமல்.

நான் தூக்கவில்லை.
கம்பளிக் காலுறையில் ஈரம் ஏற
பாதத்தை அழுத்தி வைத்துக்கொண்டு
அவள் நிமிர்ந்து பார்ப்பதற்காகக் காத்திருந்தேன்.

பார்த்தாள்.
களைத்த, சற்றே எரிச்சலான முகம்.
ஊர் பாஷையில் ஒரே ஒரு சொல் சொன்னாள்:

‘கால்.’